பால்கே வீட்டு நகைகள்

தாதாசாகேப் பால்கே என்றதும் நமக்கு ஞாபகம் வருவது விருதுதான். சிவாஜி வாங்கினார், பாலசந்தர் வாங்கினார், ரஜினி வாங்கினார். மும்பைக்கு மாற்றலாகி வந்த புதிதில் எனக்கும் அவ்வளவுதான் தெரியும். பிறகு அவர் கதையைப் படித்தபோது, வங்கிக்காரன் புத்தி பாருங்கள், முதலில் கண்ணில் பட்டது சினிமா இல்லை, அடமானம்!

நாசிக் பக்கம் திரியம்பகத்தில் 1870-ல் பிறந்தவர். கூட்டாளிகளோடு ஒத்துப்போகாமல் அச்சகத் தொழிலை விட்டிருந்த சமயம். ஏசுவின் வாழ்க்கையைச் சொல்லும் படம் ஒன்றைப் பம்பாயில் பார்க்கிறார். நம் ராமனும் கிருஷ்ணனும் இப்படித் திரையில் வந்தால் என்ன என்று தோன்றிவிட்டது. வயது நாற்பது, வீட்டில் குழந்தைகள். ராப்பகலாகப் படம் பார்த்தும் சோதனை செய்தும் சில காலம் கண்பார்வையே போய்விட்டது. தேறியதும் ஆயுள் காப்பீட்டுப் பாலிசியை அடமானம் வைத்து, 1912-ல் லண்டன் போய்த் தொழில் கற்றுக்கொண்டு, கேமராவுக்கும் ஏற்பாடு செய்துவிட்டுத் திரும்பினார்.

அடுத்து மனைவி சரஸ்வதிபாயின் நகைகள். அந்த அம்மா நகையோடு நிற்கவில்லை. துளையில்லாமல் வந்த பிலிம் சுருளில் இருட்டில் உட்கார்ந்து துளை போட்டார், படச்சுருளைக் கழுவினார், மொத்தக் குழுவுக்கும் சமைத்துப் போட்டார். மகன் பாலச்சந்திரா ரோகிதாசனாக நடித்தான். தாராமதியாக நடிக்கப் பெண்கள் யாரும் முன்வராததால், ஓட்டலில் வேலை பார்த்த சாளுங்கே என்ற ஆண்தான் புடவை கட்டினார். 'ராஜா ஹரிச்சந்திரா' 1913 மே 3-ல் வெளியாகி வெற்றி பெற்றது.

பணம் வந்தது, வந்த வழியே அடுத்தடுத்த படங்களுக்குப் போனது. பின்னாளில் பங்குதாரர்களோடு மனஸ்தாபம். 1931-ல் பேசும் படம் வந்ததும் காலம் அவரைத் தாண்டிப் போனது. 1937-ல் 'கங்காவதரண்' கடைசிப் படம். 1944 பிப்ரவரி 16-ல் நாசிக்கில், வசதியில்லாமல், பெரும்பாலும் மறக்கப்பட்டவராக இறந்தார். அவர் பெயரில் அரசு விருது வந்தது 1969-ல்தான்.

கலைக்காக எல்லாவற்றையும் இழந்தவர் என்று அவரைச் சொல்கிறோம். சரிதான். ஆனால் கனவு அவருடையது; விலையில் பாதியைக் கொடுத்தது அந்த அம்மா. எங்கள் நகைக்கடன் கவுண்டரில் புருஷன் தொழிலுக்காக வளையலைக் கழற்றும் பெண்களைப் பார்க்கும்போதெல்லாம் சரஸ்வதிபாய் ஞாபகம்தான் வருகிறது. கடன் கணக்கில் இரண்டு பேர் கையெழுத்து வாங்குகிறோம். வரலாறு மட்டும் ஒன்றோடு நிறுத்திக்கொள்கிறது.