பெயர் கேட்கும் விளையாட்டு

பனமலைக் கோயிலைக் கட்டியது யார் என்ற கேள்விக்கு ஒரு கையெழுத்துதான் பதில் சொன்னது. விழுப்புரத்துக்கும் செஞ்சிக்கும் இடையே, ஏரிக்கரையை ஒட்டிய குன்றின் மேல் நிற்கும் தாளகிரீசுவரர் கோயில் அது. தாளம் என்றால் பனை. பனமலையைத்தான் வடமொழியில் தாளகிரி ஆக்கியிருக்கிறார்கள். அங்கே வடமொழியில் ஒரு கல்வெட்டுச் செய்யுள் இருக்கிறது. அதே செய்யுள் காஞ்சிபுரம் கைலாசநாதர் கோயில் கல்வெட்டிலும் இருக்கிறது. 1890இல் வந்த தென்னிந்தியக் கல்வெட்டுகள் முதல் தொகுதியில் ஹூல்ஷ் இரண்டையும் பதிப்பித்தார். கைலாசநாதர் கோயில் பல்லவ மன்னன் ராஜசிம்மனுடையது. அங்கே உள்ள செய்யுள் இங்கேயும் இருப்பதால் பனமலையும் அவனுடையது. இதுதான் ஆய்வாளர்களின் தர்க்கம்: ஏற்கெனவே அறிந்த ஒரு கையெழுத்தோடு கண்முன் இருப்பது பொருந்துகிறதா என்று பார்ப்பது.

அந்தக் குன்றின் அடிவாரத்தில் உட்கார்ந்து செல்போன் நோண்டும் பையன்கள் இதே தர்க்கத்தில்தான் அடிக்கடி முட்டிக்கொள்கிறார்கள். யாரோ திருத்தி வெளியிட்ட கேமை, அதாவது ‘மோட் ஏபிகே’யை, எங்கிருந்தோ இறக்குகிறார்கள். காசு அன்லிமிடெட், லைஃப் அன்லிமிடெட், எல்லா லெவலும் திறந்திருக்கும். ஆனால் ‘ஃபேஸ்புக்கோடு இணை’ என்ற நீலப் பொத்தானை அழுத்தினால் ‘கீ ஹாஷ் பொருந்தவில்லை’ என்று ஒரு பிழைச் செய்தி வந்து நிற்கும்.

“அண்ணா, கேம் சூப்பரா ஓடுது. எஃப்பி லாகின் மட்டும் ஆக மாட்டேங்குது. நீ சாஃப்ட்வேர்லதானே இருக்க, சரி பண்ணிக் குடேன்.” திருவிழா, கல்யாணம் என்று ஊருக்குப் போகும்போதெல்லாம் எனக்கு வரும் விண்ணப்பம் இது. திருத்திய விளையாட்டுக்கும் நம் பெயருக்கும் இடையே ஏன் ஒரு பூட்டு வந்தது, அந்தப் பூட்டை யார் போட்டார்கள், உடைத்தபோது யார் அடிபட்டார்கள் என்று யோசிக்க வைத்ததும் அதுதான்.

விளையாட்டைத் திருத்துவது திருட்டுத்தனமாகத் தொடங்கிய வேலை இல்லை. 1993 டிசம்பரில் ‘டூம்’ வெளிவந்தபோது, அதன் வரைபடங்களையும் படங்களையும் ஒலிகளையும் எஞ்சினிலிருந்து தனிக் கோப்பாகப் பிரித்தே வைத்திருந்தது ஐடி சாஃப்ட்வேர். வாங்கியவர்கள் அதில் கைவைக்கலாம். 1999இல் ‘ஹாஃப் லைஃப்’ என்ற விளையாட்டைத் திருத்தி இரண்டு இளைஞர்கள் செய்ததுதான் ‘கவுன்டர் ஸ்ட்ரைக்’. மூல விளையாட்டின் சொந்தக்காரரான வால்வ் நிறுவனம் வழக்கு போடவில்லை. 2000இல் அதை வாங்கிக்கொண்டு அவர்களையும் வேலைக்குச் சேர்த்துக்கொண்டது.

நான் பள்ளியில் படித்தபோது திண்டிவனத்து பிரவுசிங் சென்டர்களில் ஓடியது அந்தக் கவுன்டர் ஸ்ட்ரைக்தான். பக்கத்துக் கணினியில் யாரோ எரித்துக் கொடுத்த வைஸ் சிட்டி சிடி, அதில் ஹீரோவின் சட்டை மாறியிருக்கும், கார் மாறியிருக்கும். யார் மாற்றினார்கள் என்று கேட்டதில்லை. கேமும் எங்களைக் கேட்டதில்லை. மணிக்கு இவ்வளவு என்று காசு கொடுத்தோம், ஆடினோம், எழுந்து வந்தோம். சிடியில் வைரஸ் இருந்தால் போவது சென்டர்காரரின் கணினி. எங்கள் பெயரோ சொந்தக்காரர்களோ அந்த ஆட்டத்துக்குள் இல்லை.

2007 மே 24 அன்று ஃபேஸ்புக் தன் தளத்தை வெளி ஆட்களின் செயலிகளுக்குத் திறந்துவிட்டது. இனி உங்கள் நண்பர் பட்டியலுக்கு நடுவில் யார் வேண்டுமானாலும் ஒரு விளையாட்டைக் கொண்டுவந்து வைக்கலாம். அதில் முதல் அலையில் ஜெயித்த கேம்களில் ஒன்று நம் நாட்டிலிருந்து போனது. கொல்கத்தாவின் அகர்வாலா சகோதரர்கள், ரஜத்தும் ஜெயந்தும், ‘ஸ்கிராபிள்’ என்ற பழைய சொல் விளையாட்டை இணையத்துக்கு மாற்றி ‘ஸ்கிராபுலஸ்’ என்று பெயர் வைத்தார்கள். ஃபேஸ்புக்கில் ஒரு நாளைக்கு லட்சக்கணக்கானவர்கள் அதை ஆடினார்கள். உரிமைக்காரர்கள் விடுவார்களா? 2008 ஜூலையில் அமெரிக்காவில் ஹாஸ்ப்ரோ வழக்கு தொடுத்தது. சில நாள்களிலேயே அமெரிக்க, கனடா பயனர்களுக்கு விளையாட்டு நின்றது. இந்தியாவில் மேட்டல் நிறுவனம் டெல்லி உயர் நீதிமன்றம் போனது. 2008 செப்டம்பரில் வந்த உத்தரவு சுவாரஸ்யமானது. விளையாட்டின் மீது காப்புரிமை கோரிக்கை நிற்கவில்லை. ஆனால் ‘ஸ்கிராபுலஸ்’ என்ற பெயரைப் பயன்படுத்தக் கூடாது, அது வணிகக்குறி மீறல் என்றது நீதிமன்றம். கேம் ‘லெக்சுலஸ்’ என்று பெயர் மாற்றிக்கொண்டு பிழைத்தது. ஆட்டம் தப்பித்தது, பெயர் மாட்டியது.

2008 டிசம்பரில் ‘ஃபேஸ்புக் கனெக்ட்’ எல்லோருக்கும் திறக்கப்பட்டது. அதுவரை ஃபேஸ்புக்குக்குள் விளையாட்டு இருந்தது. இனி வெளியே இருக்கும் எந்தத் தளமும் ஃபேஸ்புக்கை வைத்து உங்களை அடையாளம் காணலாம். நீலப் பொத்தான் பிறந்தது அங்கேதான். 2012இல் கிங் நிறுவனத்தின் ‘கேண்டி கிரஷ் சாகா’ ஏப்ரலில் ஃபேஸ்புக்கிலும் நவம்பரில் ஐபோனிலும் வந்தது. ஐந்து உயிர், ஒரு உயிர் திரும்ப வர அரை மணி நேரம். காத்திருக்க முடியாதா, காசு கொடு. காசு இல்லையா, ஃபேஸ்புக் நண்பனிடம் கேள். நம் சொந்தபந்தத்தை நாணயமாக்கிய கணக்கு இது. 2015 அக்டோபரில் மார்க் ஸக்கர்பெர்க் டெல்லி ஐஐடிக்கு வந்தபோது அவர் முன் வைக்கப்பட்ட கேள்வியே, கேண்டி கிரஷ் அழைப்புகளை எப்படி நிறுத்துவது என்பதுதான்.

மோட் ஏபிகே இந்த அரை மணி நேரத்துக்கு எதிராக வந்தது. கிரெடிட் கார்டு இல்லாத வீட்டுப் பையனுக்கு ‘உயிர் அன்லிமிடெட்’ என்பது ஒரு சின்ன நியாயம் மாதிரியே தெரிந்திருக்கும். அப்படியென்றால் ஃபேஸ்புக் எதற்கு, கெஸ்ட்டாகவே ஆடிவிட்டுப் போகலாமே என்று நான் ஒரு பையனிடம் கேட்டேன். “அப்போ நான் எந்த லெவல்னு யாருக்குண்ணா தெரியும்?” என்றான். வரைபடத்தில் நண்பர்களின் முகங்களுக்கு மேலே தன் முகம் நிற்க வேண்டும். போன் மாற்றினாலும் லெவல் போகக் கூடாது. கைலாசநாதர் கோயில் சிற்றாலயங்களில் தன் பட்டப்பெயர்களை இருநூறுக்கும் மேல் வெட்டி வைத்த ராஜசிம்மனுக்கு இந்தப் பதில் புரிந்திருக்கும்.

இப்போது பூட்டுக்கு வருவோம். ஆண்ட்ராய்டில் எந்தச் செயலியும் கையெழுத்து இல்லாமல் நிறுவ முடியாது. அதை உருவாக்கியவர் தன்னிடம் மட்டுமே உள்ள ஒரு ரகசியச் சாவியால் ஒப்பமிடுகிறார். ஏபிகேவைப் பிரித்து, உள்ளே ஒரு எண்ணை மாற்றினாலும் அந்த ஒப்பம் செல்லாது. திருத்துபவர் தன் சொந்தச் சாவியால் மறுபடி ஒப்பமிட்டாக வேண்டும். போன் அதை ஏற்றுக்கொள்ளும், ஏனென்றால் அதற்கு ஏதோ ஒரு ஒப்பம் போதும். ஃபேஸ்புக்குக்குப் போதாது. விளையாட்டை உருவாக்கியவர் தன் சான்றிதழின் சுருக்கத்தை, 28 எழுத்துகளில் வரும் கீ ஹாஷை, ஃபேஸ்புக்கிடம் முன்பே பதிந்து வைத்திருப்பார். நீங்கள் பொத்தானை அழுத்தும்போது போனில் இருக்கும் ஃபேஸ்புக் செயலி, தன்னை அழைக்கும் கேமின் ஒப்பத்தைப் பதிவோடு ஒப்பிடும். காஞ்சியில் உள்ள செய்யுள் பனமலையிலும் இருக்கிறதா? இல்லை. கதவு சாத்தப்படும்.

பையன்கள் சீக்கிரமே ஒரு ஓட்டை கண்டுபிடித்தார்கள். யூடியூபில் தமிழிலேயே சொல்லிக் கொடுத்தார்கள்: ஃபேஸ்புக் செயலியை அழித்துவிடு, பிறகு லாகின் செய். செயலி இல்லாவிட்டால் விளையாட்டுக்குள்ளேயே ஒரு குட்டி உலாவி திறக்கும். ‘வெப்வியூ’ என்பார்கள். அதில் ஃபேஸ்புக் பக்கம் வரும், மின்னஞ்சலும் கடவுச்சொல்லும் அடித்தால் போதும். அந்த வழியில் ஏபிகேவின் ஒப்பத்தைப் பார்க்க ஆளில்லை. 2016 செப்டம்பரில் ஜியோ வந்தது. அதுவரை எம்பி கணக்கு பார்த்து இறக்கிய ஏபிகேக்களை இப்போது கணக்கில்லாமல் இறக்கினார்கள். இந்த வித்தை ஊர் ஊராகப் பரவியது.

இந்த வழியில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. அந்தக் குட்டி உலாவி விளையாட்டுக்குச் சொந்தமானது. அதில் நீங்கள் அடிக்கும் ஒவ்வொரு எழுத்தையும் விளையாட்டால் படிக்க முடியும். அசல் விளையாட்டு என்றால், படித்து மாட்டிக்கொண்டால் அதன் நிறுவனத்துக்கு நஷ்டம், அதனால் படிக்காது என்று ஒரு நம்பிக்கை. திருத்திய விளையாட்டில் அந்த உலாவியின் சொந்தக்காரர் யார்? ஒப்பமிட்ட அந்த முகம் தெரியாத ஆள். மேலே முகவரிப் பட்டை கிடையாது. வந்திருப்பது ஃபேஸ்புக் பக்கமா, அதைப் போல வரைந்த பக்கமா என்று பார்க்கவும் வழியில்லை.

என் சித்தி வீட்டில் இது 2019 கோடை விடுமுறையில் நடந்தது. பையன் ஒன்பதாவது முடித்திருந்தான். அவன் பயன்படுத்தியது குவைத்தில் டிரைவர் வேலை பார்க்கும் அவன் அப்பாவின் கணக்கு. ஏதோ ஒரு தளத்தில் இறக்கிய மோடில் கடவுச்சொல்லை அடித்தான். விளையாட்டு ஓடியது, லெவலும் ஏறியது. மூன்றாம் நாள் சித்தப்பாவின் பெயரில் உறவுக்காரர்கள் எல்லோருக்கும் செய்தி போனது: அவசரம், பணம் வேண்டும், போன் பண்ண வேண்டாம், அரபி பக்கத்தில் இருக்கிறார். அந்தக் கடைசி வரிதான் எல்லோரையும் நம்ப வைத்தது. பழைய உரையாடல்களைப் படித்த ஒருவரால்தான் அப்படி எழுத முடியும். பெரியப்பா 8,000 ரூபாய் அனுப்பினார். கணக்கு திரும்பவில்லை. ஐந்து வருடம் அவர் அங்கிருந்து போட்ட படங்கள், பையனின் பிறந்தநாளுக்கு வண்டிக்குள் உட்கார்ந்து பாடிய வீடியோ, எல்லாம் அதோடு போனது. “நான் கேம்தானே ஆடினேன்” என்று பையன் அழுதான். அவன் சொன்னது உண்மை. ஆனால் நாங்கள் திண்டிவனத்தில் ஆடியபோது பணயமாக எதுவும் இல்லை. அவன் ஆடியபோது ஒரு குடும்பமே பணயமாக இருந்தது.

ஓட்டை பிறகு அடைக்கப்பட்டது. 2021 அக்டோபர் 5 முதல் ஆண்ட்ராய்டின் வெப்வியூ வழியாக லாகின் செய்வதை ஃபேஸ்புக் நிறுத்தியது. கடவுச்சொல் திருட்டு நிற்கவில்லை. 2022 அக்டோபரில் மெட்டா வெளியிட்ட அறிக்கையில், ஃபேஸ்புக் கடவுச்சொல்லைப் பறிக்கவே செய்யப்பட்ட 400க்கும் மேற்பட்ட ஆண்ட்ராய்டு, ஐஓஎஸ் செயலிகளைக் கண்டதாகவும், சுமார் 10 லட்சம் பேரை எச்சரிப்பதாகவும் சொன்னது. இவை இருந்தது ஏதோ மூலையில் அல்ல, கூகிள், ஆப்பிள் கடைகளிலேயே. புகைப்படம் திருத்துபவை, விபிஎன்கள், விளையாட்டுகள் என்று பல வேடங்கள்.

இதனால், அசலை மட்டும் ஆடினால் பிரச்சினை இல்லை என்று நான் சொல்ல மாட்டேன். வரலாறு அப்படிச் சொல்லவில்லை. 2018இல் வெடித்த கேம்பிரிட்ஜ் அனலிட்டிகா விவகாரத்தில் தகவல் திரட்டிய வினாடிவினாச் செயலி முறைப்படி பதிந்து, ஃபேஸ்புக் கொடுத்த கதவு வழியாகவே வந்தது. இந்தியாவில் அதை நிறுவியவர்கள் 335 பேர்தான். அவர்களையும் அவர்களின் நண்பர்களையும் சேர்த்துப் பாதிக்கப்பட்டிருக்கக்கூடிய இந்தியர்கள் 5,62,455 பேர் வரை என்று ஃபேஸ்புக்கே கணக்குச் சொன்னது. 87 மில்லியன் உலகக் கணக்கில் இது நம் பங்கு.

பப்ஜி ஆடியவர்களைக் கேட்டால் இன்னொரு கதை சொல்வார்கள். 2020 செப்டம்பர் 2 அன்று இந்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தது, அதில் பப்ஜி மொபைலும் ஒன்று. அக்டோபர் 30 அன்று இங்கே சேவை நின்றது. 2021 ஜூலையில் அதுவே பிஜிஎம்ஐ என்று வந்தபோது, ஃபேஸ்புக் அல்லது ட்விட்டர் கணக்கோடு இணைத்து ஆடியவர்கள் பழைய சேமிப்பை அந்த ஆண்டு முடிவதற்குள் மாற்றிக்கொள்ளலாம் என்றார்கள். வெப்வியூ நின்றபோது, ஃபேஸ்புக் செயலி போனில் இருந்தால்தான் அந்த வழியில் உள்ளே வர முடியும் என்று பிஜிஎம்ஐ அறிவித்தது. 2022 ஜூலை 28 அன்று பிஜிஎம்ஐயும் கடைகளிலிருந்து காணாமல் போய், 2023 மே மாதம் திரும்பியது. காசு கொடுத்து உடை வாங்கி, எதையும் திருத்தாமல் ஆடிய பையனின் மூன்று வருடமும் ஒரு நிறுவனம், ஒரு சமூக வலைத்தளம், ஒரு அரசு என்று மூவரின் சம்மதத்தில் தொங்கியது. மூவரில் யாரும் அவனைக் கேட்கவில்லை.

கையெழுத்து ஒரு பொருளைச் செய்தவர் யார் என்று சொல்லும். அவர் நல்லவரா என்று சொல்லாது, நாளைக்கும் இருப்பாரா என்றும் சொல்லாது. திருத்திய விளையாட்டில் நம் பெயரைக் கொடுக்கும்போது செய்தவர் யார் என்ற அந்த ஒரு தகவலும் நமக்குக் கிடைப்பதில்லை. அதனால்தான் மோட் ஆடுவதைவிட, அதோடு கணக்கை இணைப்பது பெரிய விஷயம் என்று நினைக்கிறேன். இரண்டும் ஒன்று என்று சொல்லிப் பையன்களைத் திட்டினால் அவர்கள் இரண்டையுமே கேட்க மாட்டார்கள். மோட் வேண்டுமென்றால் கெஸ்ட்டாக ஆடு, லெவல் வேண்டுமென்றால் அசலில் ஏறு என்று பிரித்துச் சொன்னால் கொஞ்சம் காது கொடுக்கிறார்கள்.

ஃபேஸ்புக் அமைப்புகளில் ‘செயலிகளும் வலைத்தளங்களும்’ என்று ஒரு பக்கம் இருக்கிறது. இதுவரை நீங்கள் யார் யாருக்கெல்லாம் உங்கள் பெயரைக் கொடுத்தீர்கள் என்பதன் பட்டியல் அது. 2018க்குப் பிறகு, மூன்று மாதம் தொடாதவற்றின் அனுமதி காலாவதியாகிவிடுகிறது. ஆனாலும் ஏற்கெனவே எடுத்துப் போனது அவர்களிடம்தான் இருக்கும். இந்தக் கட்டுரையை எழுதும்போது என்னுடையதைத் திறந்து பார்த்தேன். அதிலிருக்கும் கேம்களில் பாதி இன்று எங்குமே இல்லை, எதில் என்ன லெவலில் இருந்தேன் என்பதும் மறந்துவிட்டது. ஒவ்வொன்றாக நீக்க இருபது நிமிடம் ஆனது. சித்தப்பாவின் புதிய கணக்கில் அந்தப் பட்டியல் காலியாக இருக்கிறது. பையன் வாரம் ஒருமுறை அதைத் திறந்து பார்த்துவிட்டு, அவருக்கு வாட்ஸப்பில் ‘ஓகே’ என்று அனுப்புகிறான்.