பட்டம் கையில் இருக்கு... அரசு ஆசிரியர் வேலைக்குச் செல்லுமா? நாக், யுஜிசி, என்சிடிஇ குழப்பத்துக்கு விளக்கம்

டிஆர்பி தேர்வில் நல்ல மார்க். சான்றிதழ் சரிபார்ப்புக்கு அழைப்பும் வந்தாச்சு. அங்கே போன பிறகு, "இந்தப் பட்டம் செல்லாது" என்று சொன்னால்? படித்த வருஷம், கட்டிய ஃபீஸ், தேர்வுக்குத் தயாரான காலம் எல்லாமே வீண்.

காலேஜுக்கு நாக் கிரேடு இல்லை, பட்டம் செல்லாதா?

செல்லும். பலரும் குழம்பும் இடம் இதுதான். நாக் தருவது தர மதிப்பீடு மட்டுமே. அந்த கிரேடு இல்லை என்பதற்காக பட்டம் செல்லாமல் போகாது. அதேபோல, வாசலில் 'ஏ பிளஸ்' என்று பெரிய போர்டு இருந்தால் மட்டும் அங்குள்ள எல்லா படிப்புக்கும் அனுமதி இருக்கு என்று அர்த்தமில்லை. வேலைக்குப் போகும்போது கேட்பது அங்கீகாரம். அது வேறு.

பட்டம் கொடுக்கும் உரிமை யாருக்கு?

1956-ம் ஆண்டு யுஜிசி சட்டத்தின் 22-வது பிரிவு இதைச் சொல்கிறது. மத்திய அல்லது மாநிலச் சட்டத்தால் உருவான பல்கலைக்கழகம், நிகர்நிலைப் பல்கலைக்கழகம், நாடாளுமன்றம் தனியாக அதிகாரம் கொடுத்த நிறுவனம். இவை தவிர வேறு யார் கொடுத்தாலும் அது வெறும் காகிதம்தான்.

மீறினால் இந்தச் சட்டத்தில் என்ன தண்டனை தெரியுமா? அதிகபட்சம் 1,000 ரூபாய் அபராதம். எழுத்துப் பிழை இல்லை, ஆயிரம்தான். மோசடி வழக்கு தனியாகப் போடலாம். ஆனால் மாணவர் இழந்த 3 வருஷத்தோடு ஒப்பிட்டால் இந்தத் தொகை ஒன்றுமே இல்லை.

சட்டம் போட்டுத் தொடங்கியதும் சிக்கலாகலாம். சத்தீஸ்கரில் 2002-ம் ஆண்டு சட்டத்தின் கீழ் 112 தனியார் பல்கலைக்கழகங்கள் வந்தன. அதற்கு வழிவிட்ட சட்டப் பிரிவுகளை 2005-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

பி.எட்.டுக்கு மட்டும் ஏன் கூடுதல் கெடுபிடி?

பி.எட்., டி.எல்.எட். போன்ற ஆசிரியர் படிப்புகளுக்கு யுஜிசி மட்டும் போதாது. என்சிடிஇ அங்கீகாரமும் வேணும். 1993-ம் ஆண்டு என்சிடிஇ சட்டத்தின் 17-வது பிரிவுப்படி, அங்கீகாரம் இல்லாத இடத்தில் பெற்ற தகுதி மத்திய, மாநில அரசு வேலைக்கோ, அரசு உதவி பெறும் பள்ளி வேலைக்கோ செல்லாது. 'பல்கலைக்கழகத்தோட இணைப்பு இருக்கு சார்' என்று காலேஜ் சொன்னாலும், என்சிடிஇ உத்தரவைக் கேட்டுப் பாருங்க.

படிக்கும்போதே அங்கீகாரம் ரத்தானால்? உடனே பயப்பட வேண்டாம். ரத்து உத்தரவு கிடைத்த தேதிக்கு அடுத்து வரும் கல்வி ஆண்டு முடியும்போதுதான் அது அமலுக்கு வரும்.

தொலைதூரக் கல்வியில் படித்தவர்கள்?

படிப்பு நடந்த வருஷத்தில், அந்தப் படிப்புக்கே யுஜிசி அனுமதி இருந்ததா என்று பார்க்கணும். பல்கலைக்கழகத்தின் பெயர் மட்டும் போதாது. ஒரு மாநிலப் பல்கலைக்கழகம் தன் எல்லையைத் தாண்டி நம்ம ஊர் பஸ் ஸ்டாண்டு மாடியில் நடத்தும் 'ஸ்டடி சென்டர்' என்றால் உஷாராக வேண்டியதுதான்.

படித்த வரிசையும் முக்கியம். இளங்கலை இல்லாமல் திறந்தநிலைப் பல்கலைக்கழகத்தில் நேரடியாக முதுகலை முடித்தது செல்லாது என்று 2009-ல் அண்ணாமலைப் பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ, 3 வருஷ டிகிரி என்ற வரிசையைத்தான் தமிழக அரசும் கேட்கிறது.

அங்கீகாரம் இருந்தும் நிராகரிப்பது ஏன்?

பட்டத்தின் பெயர்தான் காரணம். அறிவிப்பில் 'இயற்பியல்' என்று இருக்கும். சான்றிதழில் அதோடு இன்னொரு வார்த்தை ஒட்டியிருக்கும். அப்போது இரண்டும் இணையானவை என்று உயர்கல்வித் துறை போட்ட அரசாணையைக் காட்டணும். பல்கலைக்கழகம் தரும் கடிதம் அதற்கு ஈடாகாது.

சேரும் முன் எப்படி உறுதி செய்வது?

யுஜிசி இணையதளத்தில் பல்கலைக்கழகப் பட்டியலும், போலிப் பல்கலைக்கழகப் பட்டியலும் தனித்தனியாக இருக்கு. என்சிடிஇ தளத்தில் காலேஜ் பெயரைத் தேடி, எந்தப் படிப்புக்கு, எத்தனை சீட்டுக்கு அனுமதி என்று பாருங்க. சேரும் வருஷத்தின் அனுமதி உத்தரவை பிரிண்ட் எடுத்து வைத்துக்கொள்வது நல்லது. சரிபார்ப்பு நடக்கும்போது அந்தப் பக்கம் இணையத்தில் இல்லாமல் போயிருக்கலாம்.