மேட்டூர் அணையும் தருமபுரி மேட்டுநிலமும்: ஒரு மட்டக்கணக்கு

மேட்டூர் அணையின் வரலாறு பெரும்பாலும் தஞ்சையில் நின்று எழுதப்பட்டது. ஜூன் 12இல் மதகு திறந்ததா, குறுவைக்குத் தண்ணீர் வந்து சேர்ந்ததா என்பவையே அதன் கேள்விகள். காவிரி எல்லையாக ஓடியும் அதன் பாசனத்தைக் காணாத தருமபுரியில் நின்று பார்த்தால் வேறொரு கேள்வி எழுகிறது. அப்படி நின்று பார்க்க வத்தல்மலை ஏற்ற இடம்.

மூவாயிரம் அடிக்கு மேல் உயர்ந்த இம்மலையில் மலையாளிப் பழங்குடியினர் காப்பியும் மிளகும் கேழ்வரகும் பயிரிடுகின்றனர். இங்கே பிறக்கும் சனத்குமார நதி தருமபுரி வழியாகச் சென்று கம்பைநல்லூர்ப் பக்கம் தென்பெண்ணையில் சேர்கிறது. மலையின் மழைநீர் அவ்வழியே கிழக்கே போய்விட, காவிரியோ மேற்கே ஆழத்தில் ஓடுகிறது. மழை பொய்த்த ஆண்டுகளில் சனத்குமார நதி வெறும் மணல்தடம்.

1924இல் சென்னை, மைசூர் அரசுகள் செய்துகொண்ட உடன்படிக்கையே மேட்டூருக்கு வழிவிட்டது. மைசூருக்குக் கிருஷ்ணராஜசாகர் அணை, சென்னைக்கு மேட்டூர் அணை என்று பேரம் முடிந்தது. சென்னைக்குக் கிடைத்த புதுப் பாசன உரிமை 3,01,000 ஏக்கர். 1925இல் வேலை தொடங்கியது. பொறியாளர் எல்லிஸ் வடிவமைத்த அணை 5,300 அடி நீளமும் 214 அடி உயரமும் கொண்டது. 1934 ஆகஸ்ட் 21இல் ஆளுநர் ஜார்ஜ் ஸ்டான்லி அதைத் திறந்துவைத்தார். நீர்த்தேக்கம் அவர் பெயரையே தாங்கிற்று. தேங்கும் நீர் 93.47 டி.எம்.சி. அந்த நீருக்காகவே கல்லணைக் கால்வாய் வெட்டப்பட்டது. நீர்த்தேக்கத்தில் மூழ்கிய ஊர்களின் நினைவாகப் பண்ணவாடியில் நந்தி சிலை நிற்கிறது. நீர்மட்டம் இறங்கினால் தலை காட்டும்.

இதில் தருமபுரிக்குப் பங்கில்லாமல் போனது ஏன்? புறக்கணிப்பு என்று ஒரே சொல்லில் முடிப்பதை நான் ஏற்கவில்லை. அணை நிரம்பும்போது நீர்மட்டம் கடல்மட்டத்திற்கு மேல் 790 அடி. தருமபுரி நகரமோ ஏறத்தாழ 1,500 அடி. பள்ளத்தை நோக்கித்தான் தண்ணீர் பாயும். கால்வாய் வெட்டி எழுநூறு அடி மேலேற்ற எந்தப் பொறியாளராலும் முடியாது. 1925இன் வரைபடத்தில் இம்மேட்டுநிலம் இடம்பெறாததற்கு முதற்காரணம் நிலத்தின் சாய்வு.

ஆனால் இந்த வாதம் 1937 வரைதான் செல்லும். அவ்வாண்டில் மேட்டூரில் மின்னுற்பத்தி தொடங்கிவிட்டது. நீரை ஏற்றும் ஆற்றல் அணையின் காலடியிலேயே பிறந்த பிறகு சாய்வைக் காரணம் காட்டுவது பொருந்தாது. 1965இல் சேலத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமான பின்னும் தருமபுரி மக்கள் ஆழ்துளைக் கிணற்றையே நம்பினர். அந்நீரில் ஃபுளூரைடு மிகுதி. பல்லில் பழுப்புக் கறை, வளைந்த எலும்பு. எல்லையில் காவிரி ஓடும் மாவட்டத்தின் நிலை இது.

ஜப்பானியக் கடனுதவியுடன் ஒகேனக்கல் கூட்டுக்குடிநீர்த் திட்டம் செயலுக்கு வந்தது 2013இல். அணை திறந்து 79 ஆண்டுகள் ஆகியிருந்தன. இத்திட்டத்துக்குக் கருநாடகத்தின் எதிர்ப்பு 2008இல் உச்சத்துக்குப் போனது உண்மைதான். ஆனால் அதற்கு முந்தைய எழுபதாண்டுக்கு அது விளக்கமாகாது. திட்டத்திற்கு ஒப்புக்கொள்ளப்பட்ட அளவு ஆண்டுக்கு 1.4 டி.எம்.சி. அதாவது மேட்டூர்க் கொள்ளளவில் ஒன்றரை விழுக்காடு. அதுவும் கிருஷ்ணகிரிக்கும் சேர்த்து.

அதிலும் ஒரு சொட்டு பாசனத்துக்கு இல்லை. வெள்ளக் காலத்தில் மேட்டூரின் பதினாறு கண் மதகு வழியாக உபரிநீர் வழிந்து, கொள்ளிடம் வழியே கடலுக்குப் போகிறது. அந்த உபரியை ஒகேனக்கலிலேயே மேலேற்றித் தருமபுரியின் ஏரிகளை நிரப்புங்கள் என்பதே இங்குள்ள உழவர்களின் நெடுநாள் கோரிக்கை. டெல்டாவின் உரிமையில் கைவைக்காத கோரிக்கை இது. மின்கட்டணக் கணக்கைக் காட்டி இதைத் தள்ளுவோர், ஃபுளூரைடு நீர் குடித்த தலைமுறைகளின் மருத்துவச் செலவையும் அதே தாளில் எழுதிப் பார்க்கட்டும்.