நெய் விற்று எருமை வாங்கியவள்

ஏறு தழுவுதல் என்றதும் நம் கண்முன் வருவது காளையின் கொம்பும் இளைஞனின் தோளும்தான். அந்தக் காளையை வளர்த்த வீட்டுப் பெண் என்ன செய்தாள், என்ன நினைத்தாள் என்று நாம் கேட்பதில்லை. சங்கப் பாடல்கள் அதையும் சொல்லியிருக்கின்றன.

நம் தொண்டை நாட்டுப் பாட்டான பெரும்பாணாற்றுப்படையையே எடுத்துக்கொள்வோம். காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைக் கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடியது. அதில் ஓர் ஆய்மகள் வருகிறாள். பறவைகள் எழும் நேரத்திலேயே எழுந்து தயிர் கடைகிறாள். தலையில் சும்மாடு வைத்து, பானையை ஏற்றி, மோர் விற்கப் போகிறாள். கடப்பாக்கம் பக்கம் நாம் இன்றும் சொல்லும் சும்மாடுதான் அது; அன்று 'சுமடு'. மோர் விற்றுக் கிடைத்ததில் சுற்றத்தார் எல்லாரும் சாப்பிடுகிறார்கள். நெய்க்கு விலையாகப் பொன் கொடுத்தால் அவள் வாங்க மாட்டாள். எருமை, பசு, கிடாரி என்று மாடாகவே வாங்குவாள். பெட்டியில் கிடக்கும் பொன் பெருகாது, மாடு கன்று போடும் அல்லவா? குடும்பத்தின் சொத்து அவள் கையால் பெருகியது.

இனி கல்யாணத்துக்கு வருவோம். கலித்தொகையின் முல்லைக்கலியில் 17 பாடல்கள். பாடியவர் சோழன் நல்லுருத்திரன். காளையின் கொம்புக்கு அஞ்சுகிறவனை ஆயர் மகள் மறுபிறவியிலும் தழுவ மாட்டாள் என்கிறது ஒரு பாட்டு. அப்படியானால் அவள் வெறும் பந்தயப் பரிசுதானா?

இன்னொரு பாட்டு வேறு விதமாகப் பேசுகிறது. பெண் வீட்டில் புதுமணல் பரப்பி, சுவருக்குச் செம்மண் பூசி, எருமையை வைத்துப் பெரிய கல்யாண ஏற்பாடு நடக்கிறது. ஆனால் மாப்பிள்ளை அவள் விரும்பியவன் அல்ல. தோழியரோடு சிற்றில் கட்டி விளையாடிய மணல் துறையிலேயே தன் மணம் முடிந்துவிட்டது என்கிறாள் அவள். கடல் சூழ்ந்த உலகமே கிடைத்தாலும் ஆயர் மகளிர்க்கு இரண்டு மணம் இல்லை என்று மறுக்கிறாள். பெரியவர்கள் போற்றிய நெறியையே எடுத்து, பெரியவர்கள் பார்த்த சம்பந்தத்தை எதிர்க்கிறாள்.

ஒருமணம் என்ற அந்த நெறிக்கு மறுபக்கமும் உண்டு. கணவனை இழந்தவளையும் அது விடவில்லை. அக்காலக் கைம்பெண்கள் பாயில்லாமல் பருக்கைக் கல்லில் படுத்ததையும், நெய் சேராத உணவை உண்டதையும் புறநானூறு காட்டுகிறது. நெய் விற்று மந்தையைப் பெருக்கிய பெண்ணின் நிலையும் கணவன் உயிரோடு இருக்கும் வரைதானோ? ஏறு தழுவிய வீரத்தைப் பேசும்போது இதையும் சேர்த்துப் பேசுவதே நியாயம்.