சுவீடனிற் பாலியற் கல்வி வளர்ந்த வரலாறு

கட்டிளமைப் பருவம் மாந்தர்க்கு இயல்பாகவே வந்தெய்துவது. அப்பருவத்தைப் பற்றிய அறிவோ இயல்பாக வருவதன்று. உடலில் நிகழும் மாற்றங்களின் காரணத்தையும் அவற்றோடு வந்து சேரும் பொறுப்பையும் எவரேனும் எடுத்துரைத்தல் வேண்டும். அது தாயின் கடனா, வைத்தியரின் கடனா, ஆசிரியரின் கடனா? இவ்வினாவிற்குச் சட்டத்தின் வாயிலாக முதன்முதல் விடைகண்ட நாடு சுவீடனாகும்.

அவ்விடை ஒரு நாளிற் பிறந்ததன்று. 1888ஆம் ஆண்டில் அந்நாட்டின் முதற் பெண் வைத்தியராகப் பட்டம் பெற்ற கரோலினா விடர்ஸ்ட்ரம் அம்மையார், அந்நூற்றாண்டின் இறுதியிலே பெண்கள் பாடசாலைகளுக்குச் சென்று உடலமைப்பும் உடல்நலமும் பற்றி விரிவுரையாற்றினார். பூப்பு எய்தும் சிறுமியர் அச்சத்துக்கும் நாணத்துக்கும் ஆளாகாது தம் உடலை அறிந்துகொள்ளல் வேண்டுமென்பது அவர் கருத்து. ஆயினும் அரசு எதிர்த்திசையிலே சென்றது. 1910ஆம் ஆண்டுச் சட்டம் கருத்தடை முறைகளைப் பொதுமக்களுக்கு எடுத்துரைப்பதைக் குற்றமாக்கிற்று.

இத்தடையை அஞ்சாது ஊர்தோறும் சென்று பேசியவர் எலிசே ஒட்டேசன்-யென்சன் அம்மையார். நோர்வே நாட்டுப் பாதிரியார் ஒருவரின் பதினெட்டு மக்களுள் இவர் பதினேழாமவர். இவருடைய தங்கை மணமாகுமுன் கருவுற்றாள். தந்தையார் அவளை டென்மார்க்குக்கு அனுப்பிவிட்டார். அங்கே பெற்ற மகவையும் அவள் பிரிய நேர்ந்தது. மகப்பேறு எவ்வாறு நிகழுமென்பதைத் தானும் அப்பேதை அறிந்திருந்தாளல்லள். அத்துயரமே தமக்கையாரின் வாழ்நாட்பணிக்கு வித்தாயிற்று. வைத்தியர் சிலரோடும் தொழிற்சங்கத்தாரோடும் சேர்ந்து 1933ஆம் ஆண்டில் அவர் பாலியற் கல்விக்கென நாடளாவிய சங்கமொன்றை நிறுவினார். 1938இல் அப்பழைய சட்டம் நீக்கப்பட்டது.

அதன் பின்னர் மாற்றங்கள் விரைந்தன. 1942இல் அரசு இக்கல்வியைப் பாடசாலைகளுக்குப் பரிந்துரைத்தது. 1945இல் ஆசிரியர்க்கென வழிகாட்டி நூலொன்று வெளிவந்தது. 1955இல் இது கட்டாய பாடமாயிற்று. சட்டத்துக்கு முன்னரே ஆசிரியர்க்கு நூல் வழங்கப்பட்டமை ஈண்டுக் கருதத்தக்கது. கற்பிப்போர் ஆயத்தமாகாவிடிற் சட்டம் ஏட்டளவில் நின்றுவிடுமன்றோ?

இக்கல்வி ஒழுக்கத்தைக் குலைக்குமென்று அஞ்சினோரும் உளர். ஆனால் 1956ஆம் ஆண்டு வழிகாட்டி நூல், இளையோர் திருமணம் வரை தம்மை அடக்கி ஒழுகுதலையே வற்புறுத்திற்று. இது பொருந்துமா என்னும் வாதம் பின்னர் எழுந்தது. 1964இல் ஆராய்ச்சிக்குழுவொன்று அமைந்தது. 1977இற் புதிய வழிகாட்டி வெளிவந்தது. அதன் தலைப்பிலேயே ‘கூடிவாழ்தல்’ என்னுங் கருத்து இடம்பெற்றது. உடல்நூற் பாடமாகத் தொடங்கியது, ஒருவரையொருவர் மதித்து வாழுந் திறத்தைப் பயிற்றும் பாடமாக விரிந்தது.

எதைக் கற்பிப்பது என்பதிற் கருத்து வேறுபாடு எக்காலத்தும் இருக்கும். ஆனால் மௌனம் காவலாகாது என்பதை அத்தங்கையின் கதை காட்டி நிற்கின்றது. மாணாக்கர் கூசாது வினவுதற்கும் ஆசிரியர் கூசாது விடையிறுத்தற்கும் இடமுள்ள வகுப்பறையே இளையோர்க்கு மெய்யான காவலாகும்.