திரை வழி கற்ற சிங்களம்



திருகோணமலைத் துறைமுகத்தைச் சூழ்ந்த எங்கள் மாவட்டத்திலே தமிழும் சிங்களமும் அருகருகே வழங்குகின்றன. எனினும், அயலாரின் மொழியைப் பேசத் தயங்குவோர் இரு பக்கத்தும் பலர். யானும் அவர்களுள் ஒருவனாயிருந்தேன். சிங்களப் பாடநூலை மனனஞ் செய்து தேர்விற் சித்தியெய்திய பின்னரும், மீன் சந்தையிலே வாய் திறக்க இயலவில்லை. அக்குறையைத் தீர்த்தவை சிங்களத் திரைப்படங்களும் தொலைக்காட்சி நாடகங்களுமேயாம்.

இதற்குக் காரணம் உண்டு. தமிழைப் போலவே சிங்களத்திலும் எழுத்து வழக்கு வேறு; பேச்சு வழக்கு வேறு. நூலிலே 'நான் போகிறேன்' என்பது 'மம யமி' என்றும், 'அவன் போகிறான்' என்பது 'ஒஹு யயி' என்றும் வரும். பேச்சிலோ, போகிறவர் யாராயினும் 'யனவா' என்னும் ஒரே வினை போதும். பாடநூல் காட்டாத இவ்வெளிமையைத் திரை காட்டிற்று.

அத்திரையின் பிறப்பு வியப்பிற்குரியது. முதலாவது சிங்களப் பேசும் படமாகிய 'கடவுணு பொறொந்துவ' 1947-ஆம் ஆண்டு சனவரியில் வெளிவந்தது. அதனைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர். அது உருவானதும் தமிழ் வளர்த்த மதுரையிலே, சித்ரகலா மூவிடோன் ஸ்டூடியோவில்! அதில் நடித்துப் பெரும்புகழ் எய்திய ருக்மணி தேவியின் இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ் என்பதாகும். மேடை நாடகத்தினின்று பிறந்தமையால் அக்காலப் படங்களின் வசனம் மேடைச் சாயலுடையதாயிருந்தது. 1950-களின் நடுவில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' என்னும் படத்தைக் கிராமத்திற்கே சென்று எடுத்தார். அதன் பின்னரே நாட்டுப்புற வாழ்க்கையும் பேச்சும் இயல்பாகத் திரையேறத் தொடங்கின.

அதே காலப்பகுதியில், 1956-இல், சிங்களம் மட்டுமே ஆட்சிமொழி எனச் சட்டம் இயற்றப்பட்டது. விரும்பிக் கற்கக்கூடிய மொழி கட்டாயமாயிற்று. தமிழ் அரசாங்க ஊழியர் பலருக்கு அது மனப்புண்ணாயிற்று. தமிழும் ஆட்சிமொழியாதல் வேண்டும் என்னும் திருத்தம் 1987-இலேதான் வந்தது. சட்டம் மூடிய மனக்கதவைத் திரை மெல்லத் திறந்தது எனலாம். 1982-இல் ரூபவாஹினி தொடங்கிய பின்னர், நாடகங்கள் வீட்டுக் கூடத்திற்கே வந்தன. தாய் மகனைக் கடிவதும் அயலார் நலம் விசாரிப்பதும் அங்கே காதில் விழுந்தன. பொருளை முகபாவமே உணர்த்திற்று.

ஆயினும் ஓர் எச்சரிக்கை வேண்டும். சிங்களத்தில் 'ஒயா' என்பது பழகியவரை அழைப்பது. 'உம்ப' என்பது நெருங்கிய தோழரிடையே அன்றி ஏனையோரிடத்து இழிவாகும். வில்லன் வாயிற் கேட்டதைக் கடைக்காரரிடம் கூறுவோன் பகையையே தேடிக்கொள்வான். ஆதலால், சொல்லைக் கேட்பதோடு அதனை யார், யாரிடம், எந்நிலையிற் கூறினார் என்பதையும் நோக்குதல் வேண்டும். எழுத்தறிவிற்கு நூலே துணை.

இக்கொடுக்கல் வாங்கல் ஒருவழிப் பாதையன்று. தமிழர் ஒருவர் முதற் சிங்களப் படத்தைத் தயாரித்தார். 1977-இல் சிங்கள நெறியாளராகிய தர்மசேன பத்திராஜ யாழ்ப்பாணத்து வாழ்வைப் 'பொன்மணி' என்னும் தமிழ்ப் படமாக்கினார். கலைஞர் கடந்த எல்லையை எம் மாணாக்கர் கடத்தல் அரிதன்று. அவர்கள் அயலாரின் மொழியை அச்சத்தாலன்றி ஆசையாற் கற்பாராக.