நாகூரில் கட்டும் அவிழ்ப்பும்

மந்திரத்தால் ஒருவரின் உடலையோ நாவையோ மனத்தையோ அசையவிடாமல் செய்வதற்குத் தமிழில் ‘கட்டு’ என்று பெயர். வாய்க்கட்டு, உடற்கட்டு, திசைக்கட்டு என அதில் வகைகள் உண்டு. மாந்திரிக நூல்கள் எட்டாக வகுக்கும் அஷ்டகருமங்களில் இதற்கு நெருங்கியது தம்பனம். பேச்சில் ஏவல், பில்லி, சூனியம், செய்வினை எல்லாம் ஒரே மூச்சில் சொல்லப்பட்டாலும், கட்டுக்கென்று தனி முறை இருக்கிறது. கட்டப்பட வேண்டியவருக்கு ஈடாக ஒரு பொம்மையோ தகடோ தலைமுடியோ எடுத்து, அதில் முடிச்சிட்டு அல்லது ஊசி குத்தி, யார் கண்ணிலும் படாத இடத்தில் வைத்துவிடுவார்கள். அந்தப் பொருள் கிடைத்துவிட்டால் கட்டு அவிழும் என்பது நம்பிக்கை. அதனால் கட்டெடுக்க வருபவரின் வேலை மந்திரத்தில் தொடங்குவதில்லை, தேடுவதில் தொடங்குகிறது.

காவிரிப் படுகையில் சொல்லப்படும் இத்தகைய கதைகளில் பெயர் பெற்றது நாகூர்ப் புறாவின் கதை. தஞ்சை நாயக்க மன்னர் அச்சுதப்பர் தீராத நோயில் விழுகிறார். மருத்துவம் பலிக்கவில்லை. நாகூரில் தங்கியிருந்த சூஃபி ஞானி சாகுல் ஹமீது அழைக்கப்படுகிறார். உடலெங்கும் ஊசி தைத்த புறா ஒன்று அரண்மனைக்குள் இருப்பதை அவர் கண்டுபிடித்து ஊசிகளை உருவுகிறார். மன்னரின் நோய் நீங்குகிறது. நன்றியாக அரசர் கொடுத்த நிலத்தில்தான் பின்னாளில் தர்கா எழுந்தது என்று மரபு சொல்கிறது.

இது கராமத்து, அதாவது இறைநேசர் நிகழ்த்திய அற்புதம் என்ற வகையைச் சேர்ந்த கதை; அரண்மனைக் குறிப்பு அல்ல. காலக்கணக்கும் சற்று இழுபறிதான். சாகுல் ஹமீது 1570ஐ ஒட்டி மறைந்தார். அச்சுதப்பர் தம் தந்தை சேவப்பரோடு சேர்ந்து ஆண்ட நாட்களில் வைத்தால்தான் கதை ஆண்டுகளோடு பொருந்தும். ஆனால் கதைக்குள் இருக்கும் அறிவு வெறும் கற்பனை இல்லை. இன்றைய உத்தரப்பிரதேசத்து மாணிக்கப்பூரில் பிறந்த சாகுல் ஹமீது, குவாலியரில் முகம்மது கௌஸிடம் பயின்றவர். அந்த ஆசிரியரின் ‘ஜவாஹிரே கம்ஸா’ இறைநாமங்களை ஓதும் முறைகளை எழுத்து, எண், கோள் ஆகியவற்றோடு இணைத்துச் சொல்லும் நூல். அத்தகைய கல்வி பெற்ற ஒருவரை, செய்வினைக்கு அஞ்சிய அரசவை நாடியதாகக் கதை சொல்வதில் வியப்பில்லை.

ஊசி குத்திக் கட்டுவது உலகம் முழுக்க இருந்த வழக்கம். எகிப்தில் கிடைத்து இப்போது பாரிஸின் லூவ்ர் அருங்காட்சியகத்தில் உள்ள களிமண் பெண்ணுருவில் 13 ஊசிகள் தைக்கப்பட்டிருக்கின்றன. அந்த உருவம் இருந்த பானைக்குள் கூடவே ஓர் ஈயத் தகடும் இருந்தது. அத்தகைய தகட்டைக் கிரேக்கர் ‘கட்டதெஸ்மோஸ்’ என்றார்கள். அதற்கும் பொருள் கட்டுதான்.

நாகூர்க் கதைக்கு இதைவிட நெருங்கிய உறவு அரபு மரபில் இருக்கிறது. நபிகளாருக்குச் செய்யப்பட்ட சூனியம் சீப்பிலும் முடியிலும் ஏற்றப்பட்டு ஒரு கிணற்றுக்குள் மறைக்கப்பட்டிருந்தது என்று நபிமொழிகள் கூறுகின்றன. அதில் 11 முடிச்சுகள் இருந்தன, குர்ஆனின் கடைசி இரண்டு அத்தியாயங்களை ஓத ஓத ஒவ்வொன்றாக அவிழ்ந்தன என்பது விரிவுரை மரபு. ஃபலக் அத்தியாயத்தில் 5 வசனங்கள், நாஸ் அத்தியாயத்தில் 6. கணக்கு சரியாக வருகிறது. மறைத்து வைத்த பொருள், தேடி எடுத்தல், ஒவ்வொன்றாக நீக்குதல், நலம் திரும்புதல் என்ற அதே வரிசையைத்தான் தஞ்சைக் கதையும் பின்பற்றுகிறது. முடிச்சின் இடத்தில் ஊசி, கிணற்றின் இடத்தில் அரண்மனை.

அந்த இரு அத்தியாயங்களுக்கும் சேர்த்து அரபியில் ‘முஅவ்விததைன்’ என்று பெயர். பாதுகாப்புத் தேடும் இரண்டு என்பது பொருள். ‘தஅவீத்’ என்ற சொல்லும் அதே வேரில் பிறந்தது. தமிழில் தாயத்து என்று வழங்குவது அதுவே. வசனங்களையோ எண் கட்டங்களையோ தாளில் எழுதிச் சுருட்டி, செம்பு அல்லது வெள்ளிக் குழலில் அடைத்து, கறுப்புக் கயிற்றில் கோத்துக் கையிலோ இடுப்பிலோ கட்டுவார்கள். கட்டுக்கு மாற்றும் ஒரு கட்டுதான் என்பது இதில் வேடிக்கை. 1980களுக்குப் பின் தமிழகத்தில் வலுப்பெற்ற தவ்ஹீது இயக்கத்தினர் தாயத்தையும் தர்கா நேர்ச்சையையும் இறைவனுக்கு இணைவைத்தல் என்று கடுமையாக மறுக்கின்றனர்.

நாகூர் தர்காவில் அந்தக் கதை சடங்காகவும் நிலைத்துவிட்டது: நேர்ந்துகொண்டவர்கள் புறாவை வாங்கிப் பறக்கவிடுகிறார்கள். தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப சிங் (1739–1763) எழுப்பிய 131 அடி உயரப் பெரிய மினாராவைச் சுற்றியும் அவை கூட்டமாகப் பறக்கும். கை, கால், கண் பொறித்த வெள்ளித் தகடுகளும் காணிக்கையாகின்றன. செய்வினைக்காரன் புதைக்கும் தகடு நோயைக் கொண்டுவரும். இந்தத் தகடு நோயைக் கொண்டுபோய் இறக்கிவைக்கும். சாதி, சமயம் பாராமல் இதைச் செய்கிறார்கள்.

பேய் பிடித்தவர், கட்டுப்பட்டவர் என்று கருதப்பட்ட மனநோயாளிகளைத் தர்காக்களில் தங்கவைக்கும் வழக்கம் இந்த நம்பிக்கையின் இருண்ட பக்கம். மந்திரக் கட்டை அவிழ்க்க வந்தவர்கள் சில ஊர்களில் இரும்புச் சங்கிலியில் கட்டப்பட்டார்கள். இராமநாதபுரம் மாவட்டம் ஏர்வாடியில், தர்காவை நம்பி வந்தவர்களைத் தங்கவைத்த ஒரு தனியார் விடுதியில் 2001 ஆகஸ்ட் 6 அதிகாலை தீப்பிடித்தது. சங்கிலியோடு கிடந்தவர்களால் தப்ப முடியவில்லை; 28 பேர் இறந்தனர். அத்தகைய விடுதிகளை அரசு மூடியது, உச்ச நீதிமன்றம் தானாகவே வழக்கை எடுத்துக்கொண்டது. மனநோயாளியை எந்த வடிவிலும் சங்கிலியிடக்கூடாது என்று 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் தடை விதித்தது. ஏர்வாடியில் இப்போது துவாவோடு தவாவும், அதாவது ஓதலோடு மருந்தும், கிடைக்கிறது.